வேப்பம்பலகை இழைக்க எந்த எலக்ட்ரிக் பிளானர் வாங்கலாம்? (மெஷினே வேண்டாம்னு அப்பா சொல்லுதாரு)

கடையநல்லூர் டீச்சர்

எல்லாருக்கும் வணக்கம். ரொம்ப நாளா இங்க படிச்சிட்டு மட்டும் போயிட்டிருந்தேன், இன்னைக்குத்தான் எழுதுதேன். கொஞ்சம் நீளமா இருக்கும், பொறுத்துக்கோங்க.

எங்க வீட்டுக்குப் பின்னாடி நின்ன வேப்பமரம் ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி ஆடிக் காத்துல வேரோட சாஞ்சிருச்சு. கொட்டகை ஓடு உடைஞ்சதோட சரி, ஆட்டுக்கும் ஆளுக்கும் ஒண்ணும் ஆகல. விறகுக்குக் கேட்டு மூணு பேர் வந்தாங்க, அப்பா குடுக்க விடல. டிராக்டர்ல ஏத்தி செங்கோட்டைக்குக் கொண்டுபோய் அறுத்துட்டு வந்தோம். அடிமரத்துல ஏழு பலகை தேறுச்சு. ஒவ்வொண்ணும் ஆறடி நீளம், ஒன்பது இஞ்ச் அகலம், ஒன்றரை இஞ்ச் கனம். பலகைக்குப் பலகை நடுவுல ரீப்பர் துண்டு வச்சு அடுக்கி, கொட்டகை நிழல்லயே கிடக்கு. இப்ப தட்டினா 'டங்'னு சத்தம் வருது, காஞ்சிருச்சுன்னு அப்பா சொல்லிட்டாரு.

அதுல ஒரு ஊஞ்சல் பலகை செய்யணும். ரெண்டு பலகையைப் பக்கத்துல பக்கத்துல ஒட்டினா பதினேழு பதினெட்டு இஞ்ச் வரும், ஒரு ஆள் தாராளமா படுக்கலாம். மிச்சத்துல ஒரு பெஞ்ச்.

அப்பா ஆசாரி. நாப்பது வருஷம் நிலையும் கதவுமா செஞ்சவரு. இப்ப எழுபத்தெட்டு வயசு, கை நடுங்குது, இழைப்புளி பிடிக்க முடியாது. அவரோட இழைப்புளி மூணும் எங்கிட்ட இருக்கு. போன மாசம் ஒரு ஞாயித்துக்கிழமை பூரா உக்காந்து ஒரு பலகையில பாதிதான் இழைச்சேன். அதுவும் அங்கங்க பேந்து, முதலைத் தோல் மாதிரி இருக்கு. திங்கக்கிழமை எட்டாங்கிளாஸ்ல போர்டுல எழுத கை தூக்க முடியல. பின்னங்கள் பாடத்தை வாயாலயே நடத்திட்டு வந்தேன்.

அதனால மெஷின் வாங்கலாம்னு இருக்கேன். ஏழாயிரம் வரைக்கும் போடுவேன். தென்காசியில ஒரு கடையில கேட்டா ஆயிரம் வாட் எடுங்கன்னு சொல்லுதாங்க. ஆன்லைன்ல பாத்தா மூவாயிரத்துலயும் இருக்கு, பதினஞ்சாயிரத்துலயும் இருக்கு, படத்துல எல்லாம் ஒண்ணு போலத்தான் தெரியுது. எல்லாத்துலயும் 82 மி.மீ.ன்னு போட்டிருக்கு, அதாவது மூணேகால் இஞ்ச். என் பலகை ஒன்பது இஞ்ச். இது எப்படிச் சரிப்படும்?

அப்பாவைக் கேட்டா, "ஏளா, அது மரத்தைச் சீவும். நேராக்காது. நேராக்குறது கண்ணு. அதுலயும் வேம்பு மெஷினுக்கு அடங்காது பாத்துக்கோ"ன்னு சாய்வு நாற்காலியில இருந்தே தீர்ப்பு சொல்லிட்டாரு.

யாராவது வேம்பு இழைச்சவங்க இருந்தா சொல்லுங்க.

புதுப்பட்டறை

பாஷ் ஜிஎச்ஓ 6500. 650 வாட், ஒரே ஓட்டத்துல 2.6 மி.மீ. எடுக்கும். கண்ணை மூடிட்டு வாங்குங்க. நான் மூணு வருஷமா வச்சிருக்கேன், ஒரு குறை சொல்ல முடியாது. வீட்டு 5 ஆம்ப் பிளக்லயே ஓடும்.

கணக்குப்பிள்ளை

டீச்சர், தப்பா எடுத்துக்காதீங்க. ஏழு பலகைக்கு ஏழாயிரம் ரூபா மெஷினா? பலகைக்கு ஆயிரம் ரூபா ஆச்சு. பக்கத்துல எங்கயாவது பெரிய இழைப்பு மெஷின் வச்ச பட்டறை இருக்கும். கொண்டுபோய்க் குடுத்தா ஒரு மணி நேரத்துல ஏழையும் ஒரே கனத்துக்கு, கண்ணாடி மாதிரி தள்ளிருவாங்க. சதுர அடிக் கணக்குல காசு. கையில பிடிக்கிற மெஷினால ஒன்பது இஞ்ச் பலகையை ஒரே மட்டமா கொண்டுவர்றது ஆசாரிக்கே சிரமம். மெஷின் வாங்கி ஏழு பலகை இழைச்சுட்டு பரண்ல போட்டவங்க எத்தனை பேரை நான் பாத்திருக்கேன். அதுல நானும் ஒருத்தன்.

கடையநல்லூர் டீச்சர்

போனேன் சார். ரெண்டு பட்டறைக்குப் போனேன். முதல் கேள்வியே "வீட்டு மரமா, காட்டு மரமா?" வீட்டு மரம்னு சொன்னதும் "வேண்டாம்மா"ன்னுட்டாங்க. வீட்டு வேம்புல ஆணி இருக்கும், கொடிக்கம்பி கட்டின கொக்கி இருக்கும், மேல பட்டை மூடிடும், வெளிய தெரியாது. ஒரு ஆணி பட்டா அவங்க பிளேடு மொத்தமும் போச்சு. அவங்களைக் குத்தம் சொல்ல முடியாது. செங்கோட்டையில அறுக்கும்போதே ஒரு கொக்கி ரம்பத்துல மாட்டி, அதுக்குத் தனியா காசு வாங்கிட்டாங்க. நான் கைக்குழந்தையா இருந்தப்ப தொட்டில் கட்ட அப்பா அடிச்ச கொக்கியாம் அது. உள்ள நாலு இஞ்ச் போயிருந்துச்சு.

பரண்ல போடுத விஷயம்: அப்பாவோட சாமான் ஒரு பெட்டி நிறைய பரண்லதான் இருக்கு, துணைக்கு இதுவும் இருக்கட்டும்.

மரத்தூள்

டீச்சர், உங்க அப்பா சொல்றது பாதி சரி. மீதிப் பாதிக்கு உங்க தோள்பட்டையே சாட்சி.

நான் ஆசாரி இல்லை. ரிட்டயர்டு கண்டக்டர். நாகர்கோவில். ஒன்பது வருஷமா வீட்டு முன்னாடி ஷெட்டு போட்டு ஸ்டூலு, பெஞ்சு, கோழிக்கூடுன்னு ஏதாவது செய்துகிட்டே இருக்கேன். எங்க ஊர்ப் பக்கம் இழைப்புளியை சிந்தேர்னு சொல்லுவோம். ரெண்டுமே கையை ஒடிக்கும்.

வாட் கதையை முதல்ல விடுங்க. என்னோட முதல் மெஷின் ஆன்லைன்ல வாங்கினது, பேர் சொன்னா உங்களுக்குத் தெரியாது, எனக்கே மறந்து போச்சு. டப்பாவுல ஆயிரம் வாட். மூணாவது மாசம் பெல்ட் அறுந்துது. அந்த பெல்ட்டுக்கு நாகர்கோவில், திருவனந்தபுரம் ரெண்டு ஊரும் சுத்தினேன், கிடைக்கலை. பெல்ட்டு போனா போகட்டும், அதுக்கு முன்னாடியே அது இழைச்ச பலகை எல்லாம் நடுவுல முதுகு தூக்கி நிக்கும். என் கைதான் சரியில்லைன்னு மூணு மாசம் என்னையே திட்டிட்டிருந்தேன். கடைசியில ஒரு ஸ்டீல் ஸ்கேலை அடியில வச்சுப் பாத்தா, முன் தகடும் பின் தகடும் ஒரே மட்டத்துலயே இல்லை. பின் தகடு ஒரு பக்கம் சாஞ்சிருக்கு. தப்பு மெஷினோடது, நான் அப்பாவி.

அதனால கடைக்குப் போகும்போது ரெண்டடி ஸ்டீல் ஸ்கேல் ஒண்ணைப் பையில போட்டுட்டுப் போங்க. உங்க கிளாஸ்லயே இருக்கும். ஆழத்தை பூஜ்யத்துல வைக்கச் சொல்லி, மெஷினைக் கவுத்து, ஸ்கேலை நட்டுக்க நிறுத்தி ரெண்டு தகடு மேலயும் படற மாதிரி வையுங்க. இடது ஓரம், வலது ஓரம், மூலைக்கு மூலை. ஸ்கேலுக்கு அடியில வெளிச்சம் தெரியக்கூடாது. கடைக்காரர் சிரிப்பாரு. சிரிக்கட்டும். வாட், கம்பெனி எல்லாத்தையும் விட இது முக்கியம்.

அடுத்தது முன்பிடி. இந்த மெஷின்ல இடது கையால பிடிக்கிற குமிழைத் திருகித்தான் ஆழம் வைக்கணும். அது 'டக் டக்'னு பல்லுப் பல்லா இறுக்கமா நிக்கணும். இளக்கமா இருந்தா, தள்ளும்போது உங்க கையே அதைத் திருப்பிடும். கால் மி.மீ.ன்னு நினைச்சு ஒண்ணு எடுத்துட்டுப் போயிருக்கும்.

ஆழம்னு சொன்னதும் வேம்புக்கு வர்றேன். புதுப்பட்டறை தம்பி சொன்ன மெஷின் நல்ல மெஷின்தான். ஆனா 2.6 மி.மீ. எடுக்குறது கதவு அடி உரசுதுன்னா சீவ, சட்டத்தை சட்டுனு குறைக்க. வேம்புல அந்தப் பேச்சே கூடாது. தேக்குல நார் ஒரே வாகுல ஓடும். வேம்புல ஒரு பட்டை இங்கிட்டு, அடுத்த பட்டை அங்கிட்டுன்னு பின்னிப் பின்னி வளரும். ஒரே பலகையில ரெண்டு விரல் அகலம் நேர்வாகு, அடுத்த ரெண்டு விரல் எதிர்வாகு. எந்தப் பக்கம் இருந்து தள்ளினாலும் எங்கயோ ஒரு இடத்துல பேக்கத்தான் செய்யும். நீங்க சொன்ன முதலைத் தோல் அதுதான். மருந்து ரெண்டு: குறைஞ்ச ஆழம், மெதுவா தள்ளுறது. முரட்டு வேலைக்கு அரை மி.மீ., கடைசி ரெண்டு ஓட்டம் கால் மி.மீ.க்கும் குறைவு. அதுக்கு மகிட்டா என்1900பி மாதிரி 580 வாட், 1 மி.மீ. மெஷினே எதேஷ்டம். ஜப்பான்ல கையில பிடிக்கிற எலக்ட்ரிக் பிளானரை முதல்ல வித்ததே அந்தக் கம்பெனிதான், 1958-ல. அதுக்காக வாங்கச் சொல்லலை. உங்க ஊர்க் கடையில எதுக்கு பெல்ட்டும் பிளேடும் தொங்குதோ அதை வாங்குங்க.

82 மி.மீ. போதுமான்னு கேட்டீங்க. பலகை முகத்துக்கு அது பத்தாதுதான், பட்டை பட்டையா கோடு விழும். முதல்ல மூலைவாட்டத்துல தள்ளுங்க, அப்புறம் நீளவாக்குல. மிஞ்சின கோட்டை உங்க அப்பாவோட இழைப்புளியால ஒரு கை பாத்தா போயிடும். இதுக்குத் தோள் வலிக்காது, வெறும் மேற்பூச்சு.

ஆனா ஒட்டுற ஓரத்துக்கு 82 என்ன பொருத்தம் பாருங்க. ஒட்டப்போற ரெண்டு பலகையையும் புத்தகம் மூடுற மாதிரி முகத்தோட முகம் சேத்து நிறுத்தி, கிளாம்ப் போட்டு, ரெண்டு ஓரத்தையும் ஒரே ஓட்டத்துல இழைச்சிடலாம். ஒன்றரையும் ஒன்றரையும் மூணு இஞ்ச், 76 மி.மீ. மெஷின் 82. நீங்க கொஞ்சம் சாச்சுப் பிடிச்சிருந்தாலும் கவலை இல்லை. ஒரு பலகையில சரிவு எந்தப் பக்கமோ அடுத்ததுல அதுக்கு நேர் எதிர்ப் பக்கம் இருக்கும். புத்தகத்தைத் திறந்து வச்சா ரெண்டும் ஒண்ணை ஒண்ணு சரிக்கட்டி மட்டமா உக்காரும். கணக்கு டீச்சருக்கு இதை நான் சொல்லணுமா?

நீளவாக்குல நேரா வருமான்னு மட்டும் நூல் பிடிச்சுப் பாக்கணும். மெஷின் மொத்தமே ஒரு அடி நீளம். ஆறடிப் பலகையில மேடு பள்ளம் இருந்தா அதுவும் கூடவே ஏறி இறங்கிப் போகும், ரோட்டுல பஸ் போற மாதிரி. அப்பா சொன்ன "நேராக்குறது கண்ணு" இதுதான். பலகை முறுக்கியிருக்கான்னு பாக்க ரெண்டு தலையிலயும் ஒவ்வொரு நேர்க் கட்டையைக் குறுக்க வச்சு, ஒத்தைக் கண்ணை மூடி, ஒண்ணு மேல ஒண்ணு வருதான்னு பாப்பாங்க. இதை அவரைப் பாக்கச் சொல்லுங்க. இதுக்கு நடுக்கம் தடை இல்லை.

கடைசியா ஒண்ணு. சேலையோட வேலை செய்யாதீங்க. சுடிதார்னா துப்பட்டா வேண்டாம், பின்னலைக் கொண்டை போட்டுக்கோங்க. ஒயரைத் தோளுக்கு மேல பின்னாடி போடுங்க. சுவிட்சை விட்டதும் மெஷின் நிக்காது, பிளேடு மாட்டியிருக்குற உருளை இன்னும் சில விநாடி சுத்தும். நான் ஒரு தடவை அப்படியே தரையில வச்சேன். அது எலி மாதிரி ஓடி, தன் ஒயரைத் தானே கடிச்சுது. ஷெட்டு ஃபியூஸ் போச்சு. லுங்கி தப்பிச்சுது.

பழுதுபாக்கறவன்

வணக்கமுங்க டீச்சர். கோயமுத்தூர்ல பவர் டூல்ஸ் சர்வீஸ் பண்றேனுங்க. மேல கண்டக்டர் அய்யா பெரும்பாலும் சொல்லிட்டாருங்க. நான் பிளேடு பத்தி மட்டும் சொல்லிக்கறேன்.

ரெண்டு வகை இருக்குங்க. ஒண்ணு மெல்லிசா, ரெண்டு பக்கமும் கூர் இருக்கற கார்பைட் பட்டை. ஒரு பக்கம் மழுங்கினா திருப்பிப் போட்டுட்டு, ரெண்டும் மழுங்கினா தூக்கிப் போட்டுர வேண்டியதுதான். ரொம்ப நாள் கூர் நிக்கும், மாட்டறதும் சுலபம். இன்னொண்ணு அகலமான ஹை ஸ்பீட் ஸ்டீல் பிளேடு. சீக்கிரம் மழுங்கும், ஆனா கல்லுல தீட்டிக்கலாமுங்க. பொதுவா எல்லாத்துக்கும் நான் கார்பைட்தான் சொல்லுவேன். உங்களுக்கு மட்டும் மாத்திச் சொல்றேன், வீட்டுல தீட்டத் தெரிஞ்ச ஆளு இருக்காரு, மரத்துல ஆணி இருக்குது. ஆணி பட்டா கார்பைட்டு சில்லு சில்லா போயிருமுங்க. ஸ்டீல்னா பல்லு விழும், தீட்டி எடுத்துக்கலாம்.

தீட்டறப்ப ரெண்டு பிளேடையும் ஜோடியாத்தான் தீட்டணுமுங்க. ஒண்ணு எடை குறைஞ்சா உருளை ஆட்டம் குடுத்து பேரிங் போயிரும்.

மாட்டறப்ப பிளக்கைப் புடுங்கிட்டு, பின் தகடு மேல ஒரு நேரான ரீப்பர் துண்டு வெச்சு, உருளையைக் கையால மெல்ல சுத்துங்க. பிளேடு ரீப்பரைத் தொட்டும் தொடாம போகணும். ரீப்பரை இழுத்துட்டுப் போச்சுன்னா பிளேடு உசரம்னு அர்த்தமுங்க, பலகை முடியற எடத்துல குழி விழும். தொடவே இல்லீன்னா தாழ்வு, போகப் போக வெட்டே புடிக்காது. இடது ஓரத்துலயும் பாருங்க, வலது ஓரத்துலயும் பாருங்க.

ஆணிக்கு: பலகைல எங்கயாச்சும் நீலம் பாஞ்ச மாதிரி கறுப்புத் திட்டு இருந்தா அங்க இரும்பு இருக்கும்னு சந்தேகப்படுங்க. பழைய ஸ்பீக்கர் காந்தத்தை நூல்ல கட்டி மேல தொங்க விட்டு நகத்திப் பாருங்க, இழுக்கும். ஆழத்துல இருந்தா இழுக்காது, அது உங்க யோகமுங்க.

கடையநல்லூர் டீச்சர்

மூணு வாரம் கழிச்சு வாரேன். எல்லாருக்கும் நன்றி. நடந்ததை எழுதுதேன்.

மகிட்டா என்1900பி வாங்கினேன், திருநெல்வேலியில. காரணம் கண்டக்டர் சார் சொன்னதுதான், கடையில அதுக்கு பெல்ட்டும் பிளேடும் கண்ணு முன்னாடி தொங்கிச்சு. ஸ்கேல் கொண்டுபோனேன். கடைக்காரர் சிரிச்சாரு, ஆனா அவரே டியூப்லைட்டுக்கு நேரா தூக்கிப் பிடிச்சுக் காட்டினாரு. வெளிச்சம் தெரியல.

வீட்டுக்கு வந்ததும் அப்பா அதைத் தொட்டுக்கூடப் பாக்கல. நான் முதல் பலகையைத் திண்ணையில வச்சு, தலைமாட்டுல ஒரு கட்டையை முட்டுக் குடுத்து ஆரம்பிச்சேன். சத்தம் தெருவுக்கே கேட்டுச்சு. சுருள் வராது, உமி மாதிரி தூளா பறக்குது. முதல் ஓட்டம் நல்லாத்தான் போச்சு. முடியுத இடத்துல ஒரு இஞ்சுக்குப் பள்ளம். ரெண்டாவது ஓட்டமும் அதே இடத்துல. முதல்ல முன்பிடியை அழுத்தி, முடிக்கும்போது பின்பக்கம் அழுத்தணும்னு தெரியும், அப்படித்தான் செஞ்சேன். ஆனாலும் பள்ளம்.

அப்பதான் நாற்காலியில இருந்து குரல் வந்துச்சு. "நாக்கு நீட்டிக்கிட்டு இருக்கு. கொண்டா இங்க."

பிளக்கைப் புடுங்கி மடியில வச்சுக் குடுத்தேன். ரீப்பர் துண்டு வேணும்னு அவரு கேக்கல, பெட்டியில இருந்து மூலைமட்டத்தோட கட்டையை எடுக்கச் சொன்னாரு. பின் தகட்டுல அதை வச்சு, ஒரு விரலால உருளையைத் திருப்பினாரு. கை நடுங்குது, ஆனா கட்டை தகட்டுல உக்காந்ததும் கட்டை நடுங்கல. வலது ஓரத்துல பிளேடு கட்டையை ரெண்டு நெல்லு தூரம் இழுத்துட்டுப் போச்சு. இடது ஓரத்துல தொடவே இல்ல. கடையில தகட்டைப் பாத்தேனே தவிர பிளேடைப் பாக்கல, அந்தப் புத்தி எனக்கு வரல. போல்ட்டை நான் இளக்க, அவரு தட்ட, நான் இறுக்கன்னு முக்கால் மணி நேரம். அந்த முக்கால் மணி நேரத்துல என்னை எத்தனை தடவை "கணக்கு வாத்தியாராம்"னு சொன்னாருன்னு எண்ணல.

அதுக்கப்புறம் பள்ளம் விழல.

வேம்பு நீங்க சொன்ன மாதிரிதான். அரை மி.மீ.ல பேத்துச்சு. கால்ல வச்சு, வேகத்தைக் குறைச்சதும் பாதி அடங்கிச்சு. ஏன்னு உக்காந்து கணக்குப் போட்டேன், பழக்கம் விடல. நிமிஷத்துக்கு 16,000 சுத்து, ரெண்டு பிளேடு, அப்ப 32,000 வெட்டு. நாலடியை ஆறு விநாடியில தள்ளினா ஒரு வெட்டுக்கும் அடுத்த வெட்டுக்கும் கிட்டத்தட்ட 0.38 மி.மீ. இடைவெளி. பன்னெண்டு விநாடியில தள்ளினா 0.19. எட்டாங்கிளாஸுக்கு இதையே வீட்டுக்கணக்கா குடுத்துட்டேன். ஒரு பையன் மட்டும் சரியா போட்டான், அவங்க அப்பா கார்பென்டராம்.

ஒன்றரை இஞ்ச், அதாவது பன்னெண்டு நூல் கனம் இருந்த பலகை, ரெண்டு முகமும் இழைச்சு முறுக்கு எடுத்து முடிக்கையில பத்து நூலுக்கு வந்துருச்சு. ரெண்டு நூல் தூளா போச்சேன்னு எனக்கு மனசு கேக்கல. அப்பா, "வேம்புக்கு இது கம்மி"ன்னாரு. புத்தகம் மாதிரி மூடி ஓரம் இழைக்குத வேலையை அவருகிட்ட சொன்னதும் கொஞ்ச நேரம் பேசல. அப்புறம், "இது நாங்க கை இழைப்புளியிலயே செய்யுததுதான்"னாரு. எங்கிட்ட இத்தனை வருஷத்துல சொன்னதே இல்ல! ஓரத்தை முடிச்சு, ஒண்ணு மேல ஒண்ணு நிறுத்தி, பின்னாடி டார்ச் அடிச்சுப் பாத்தோம். நடுவுல ஒரு சாண் நீளத்துக்கு மட்டும் மயிரிழை வெளிச்சம். அதை அவரோட நீட்டு இழைப்புளியால நான் ரெண்டு தள்ளு தள்ளினேன். வெள்ளைக் கோந்து போட்டு, கிளாம்ப் பத்தாம, கயித்தைச் சுத்தி ஆப்பு அடிச்சு இறுக்கி ஒரு நாள் விட்டோம். ஒட்டு எங்க இருக்குன்னு இப்ப விரலுக்குத் தெரியல, கண்ணுக்குத்தான் தெரியுது.

பேந்த இடங்களை அப்பா சொன்னபடி உடைஞ்ச ஜன்னல் கண்ணாடித் துண்டால சுரண்டினேன். தேய்ப்புத் தாளை விட இது நல்லா வருது, கையில துணி சுத்திக்கிட்டா போதும்.

முகமூடி போடாம முதல் நாள் வேலை செஞ்சது தப்பு. மூணு நாளைக்குக் குடிச்ச காப்பியெல்லாம் கசந்துச்சு.

இப்ப ஒரு சந்தேகம். நாலாவது பலகையில காந்தத்துக்குச் சிக்காத ஆணி ஒண்ணு பட்டுருச்சு. லேசாத்தான், 'கிரிச்'னு ஒரு சத்தம். அதுல இருந்து இழைக்குத எல்லாப் பலகையிலயும் நீளவாக்குல ஒரு மெல்லிசு வரப்பு மாதிரி கோடு மேல எழும்பி நிக்குது. நகத்தை ஓட்டினா தட்டுது. பிளேடு ரெண்டையும் கழத்தித் தீட்டணுமா? இன்னும் மூணு பலகை பாக்கி இருக்கு.

பழுதுபாக்கறவன்

இப்பத்திக்குத் தீட்ட வேண்டாமுங்க டீச்சர். ரெண்டு பிளேடுலயும் ஒரே எடத்துல பல்லு விழுந்திருக்குது. அந்தப் பல்லு விட்ட எடம்தான் வரப்பா நிக்குது. ஒரு பிளேடை மட்டும் இளக்கி, பக்கவாட்டுல அரை மி.மீ. தள்ளி மாட்டுங்க. ஒண்ணு விட்ட எடத்தை இன்னொண்ணு சீவிரும். உசரம் மாறாம பாத்துக்குங்க, ஐயா கையில ஒருக்கா குடுத்துப் பாக்கச் சொல்லுங்க. தள்ளின பிளேடு ஓரத்துல மெஷின் உடம்பைத் தொடுதான்னு கையால ஒரு சுத்து சுத்திப் பாத்துட்டு பிளக்கைப் போடுங்க.

புதுப்பட்டறை

இது எனக்கு இத்தனை நாள் தெரியாதுண்ணா. போன மாசம்தான் இதே கோட்டுக்காக ஒரு ஜோடி பிளேடைத் தூக்கிப் போட்டேன்.

கடையநல்லூர் டீச்சர்

தள்ளி மாட்டினோம், கோடு போயிருச்சு. மூணு பலகையும் முடிஞ்சுது. கணக்குப்பிள்ளை சாருக்கு: மெஷின் பரணுக்குப் போகல. எதிர்வீட்டுக்காரர் கதவு மழைக்கு ஊதி மாட்டிக்கிடுதாம், நேத்து கேட்டுட்டுப் போயிருக்காரு. பிளேடை அப்பா தீட்டிக்கிட்டு இருக்காரு.

ஊஞ்சலுக்கு பித்தளைச் சங்கிலியா, இரும்பான்னு வீட்டுல சண்டை நடக்குது. அதைத் தனியா கேக்குதேன்.